வெறும் காரி

விண்ணப்பத்தில் ஒரு கட்டம். மேலே 'காரணம்' என்று பிரெஞ்சில் அச்சடித்து, கீழே நான்கு கோடுகள் விட்டிருந்தார்கள். நான் பேனா மூடியைக் கழற்றி வைத்துவிட்டு எதிரே இருந்த சிவபாலனைப் பார்த்தேன். அவர் மண்டரின் தோலைச் சின்னச் சின்னத் துண்டுகளாகப் பிய்த்துக்கொண்டிருந்தார். பழத்தைத் தொடவில்லை.

"என்ன காரணம் போடுறது, தம்பி?"

"அவவைக் கேளுங்கோ" என்று பக்கத்தில் இருந்த மனைவியைக் காட்டினார்.

புஷ்பா இன்னும் குளிர்க் கோட்டைக்கூடக் கழற்றவில்லை. "பேரைக் கேட்டாச் சிரிக்கினம், அண்ணை. வேற என்ன காரணம் வேணும்? அதை எழுதுங்கோ."

இரண்டாயிரத்துக்குப் பிறகு வந்த ஏதோ ஒரு குளிர்காலம் அது. எந்த வருடம் என்று என் மனைவியைக் கேட்டால் சொல்வாள், நான் கேட்கவில்லை. மொன்றியலில், வில்லரே பகுதியில் இரண்டாம் மாடியில் இருந்தோம். சமையலறை ஹீட்டர் டிக் டிக் என்று சத்தம் போடும். வாசலில் அவர்களுடைய சப்பாத்துகளில் இருந்து, தெருவில் தூவிய உப்பும் பனியும் கரைந்து ஓடிக்கொண்டிருந்தன.

சிவபாலன் தம்பதிக்கு ஒரே மகள். வயது பதினான்கு. அவளுடைய பெயரை மாற்றுவதற்கான விண்ணப்பம்தான் என் முன்னால் இருந்தது. பெயர் காரி.

தொடர்ந்து வாசித்து வருகிறவர்களுக்கு என் சனிக்கிழமை உத்தியோகம் தெரிந்திருக்கும். கிழமை நாட்களில் லாசாலில் அட்டைப்பெட்டி தயாரிக்கும் தொழிற்சாலை. சனிக்கிழமை பின்னேரங்களில் சனங்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுப்பது. நான் பிரெஞ்சில் வாயைத் திறந்தால் கடைக்காரர் இரக்கப்பட்டு ஆங்கிலத்துக்கு மாறிவிடுவார். ஆனால் தாளில் எழுதினால் அரசாங்கம் ஏற்றுக்கொள்ளும். அந்தத் துணிச்சலில் பல வருடம் ஓட்டினேன்.

மூன்று பாஷைக்கு ஒரு பிள்ளை

காரி நோர்வேயில் பிறந்தவள். அங்கே அது பெண்களுக்கு வைக்கும் பெயர். 'கா'வை நீட்டிச் சொல்வார்கள். நாலைந்து வயதில் மொன்றியலுக்கு வந்தபோது அந்த நீட்டல் போய்விட்டது. இங்கே பள்ளிக்கூடத்தில் குறுக்கிக் 'கரி' ஆக்கினார்கள்.

கரி ஆனதோடு நின்றிருந்தாலும் பரவாயில்லை. இந்த மாகாணத்துப் பிரெஞ்சில் கறித்தூளுக்குப் பெயரும் அதுதான். எந்தப் பலசரக்குக் கடையிலும் மஞ்சள் நிறத் தூள் போத்தலில் கொட்டை எழுத்தில் ஒட்டியிருக்கும். வகுப்பில் ஒரேயொரு தமிழ்ப் பிள்ளை, அவளுடைய பெயர் கறித்தூள் என்றால், பன்னிரண்டு வயதுப் பையன்கள் சும்மா இருப்பார்களா? ஒரு நாள் அவளுடைய மேசையில் அந்தப் போத்தல் ஒன்றைக் கொண்டுவந்து வைத்திருந்தார்களாம். வாசம் வகுப்பு முழுக்கப் பரவட்டும் என்று மூடியையும் திறந்து.

சரி, தமிழ் வகுப்பிலாவது நிம்மதி உண்டா என்றால், அங்கே வேறு கதை. தேவாலய மண்டபத்தில் நடக்கும் சனிக்கிழமை வகுப்பு. முதல் நாளே ஆசிரியை பெயரைக் கேட்டுவிட்டு, "என்ன காரி?" என்று கேட்டாராம். பிள்ளை, "காரி" என்றாள். "அதுதான், என்ன காரி?"

ஆசிரியையையும் குறை சொல்ல முடியாது. வீட்டுக்காரி இருக்கிறாள், கடைக்காரி இருக்கிறாள், கெட்டிக்காரி இருக்கிறாள். முன்னால் ஒன்றும் இல்லாமல் வெறும் காரி என்று தமிழில் ஒருத்தி இருந்ததில்லை. மற்றப் பிள்ளைகளுக்கு அது நல்ல விளையாட்டாகப் போய்விட்டது. முன்னால் இருந்த வெற்றிடத்தில் கிழமைக்கு ஒன்றாகப் போட்டார்கள். சண்டைக்காரி, பிச்சைக்காரி, இன்னும் எழுத முடியாதவை. இலக்கணம் இவ்வளவு ஆர்வமாக வேறெந்தத் தமிழ் வகுப்பிலும் நடந்திருக்காது.

அவள் மெல்ல மெல்லத் தன் பெயரைச் சொல்வதை விட்டுவிட்டாள். ரெலிபோனில் "நான்தான்" என்பாள். வகுப்பில் இடாப்புக் கூப்பிட்டால் கையை மட்டும் உயர்த்துவாள். பிறகு வீட்டிலும் காரி என்று கூப்பிட்டால் திரும்புவதில்லை. புஷ்பாவைப் பயமுறுத்தியது அதுதான்.

சிவபாலனுக்கு இந்த விண்ணப்பத்தில் விருப்பமில்லை. வாய் திறந்து சொல்லவில்லை, அவ்வளவுதான். பெயரை வைத்தவர் அவர். மாற்றினால் மகளுக்கு நிம்மதி. மாற்றினால், தான் அவளுக்கு முதன்முதலில் கொடுத்தது இல்லாமல் போய்விடும். இந்த இரண்டுக்கும் நடுவில் இருந்துதான் மனிதர் மண்டரின் தோல் பிய்த்தார்.

பொன் கூந்தல்

சிவபாலனுக்கும் நோர்வேக்காரர்களின் பெயர்களுக்கும் ஆரம்பத்திலிருந்தே ராசியில்லை.

எண்பதுகளின் கடைசியில் அவர் நோர்வேயின் வடக்குத் தொங்கலில் ஒரு மீன் தொழிற்சாலைக்குப் போய்ச் சேர்ந்தார். சிவபாலன் என்பது அங்கே யாருடைய வாயிலும் நுழையவில்லை. முதல் நாளே வெட்டி 'சிவ்' ஆக்கிவிட்டார்கள். இவருக்கும் மகிழ்ச்சி, கடவுள் பெயராவது மிஞ்சியதே என்று. அன்று பின்னேரம் தொழிலாளர் விடுதிக்குப் பெட்டியோடு போனால், கொடுத்த அறையில் நான்கு பெண்கள் கால் நீட்டிக் கோப்பி குடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

"அறை மாறிப்போச்சு எண்டு சொல்ல எனக்குப் பாஷை தெரியாது, அண்ணை. பெட்டியைக் கீழ வைச்சிட்டுக் கும்பிட்டன்."

அந்த நாட்டில் சிவ் பெண்ணின் பெயர். மணப்பெண், உறவுக்காரி என்றெல்லாம் பொருள் சொல்கிறார்கள். பழைய கதைகளில் இடிமுழக்கக் கடவுளின் மனைவி. பொன்னால் ஆன கூந்தல் உடையவள். விடுதி எழுத்தர் பட்டியலைப் பார்த்துச் சரியாகத்தான் கட்டில் ஒதுக்கியிருக்கிறார். சிவபாலனுக்கு அந்த வயதிலேயே முன் தலையில் மயிர் இல்லை.

இதையெல்லாம் அவருக்கு விளக்கிச் சொன்னது தொழிற்சாலை மேற்பார்வையாளர். அவருடைய பெயர் ஒட். ஆங்கிலத்தில் எழுதினால் 'விசித்திரம்' என்று வரும். அவர்கள் பாஷையில் ஈட்டியின் முனை. ஈட்டி முனை என்று பெயர் வைத்த மனிதர், சிவபாலன் சொல்லிக் கேட்டவரை, ஒருவரையும் உரத்துப் பேசாத சாது.

நூலகத்தில் ஐந்து மதியம்

'சிரிக்கினம்' என்று எழுதினால் அரசாங்கம் பெயரை மாற்றித் தராது. பெயரின் பொருள், பூர்வீகம், அதனால் பிள்ளைக்கு வரும் இடைஞ்சல் எல்லாவற்றையும் ஒழுங்காக எழுத வேண்டும். ஒரு கிழமை தவணை கேட்டேன். மதிய உணவு நேரங்களில் தொழிற்சாலைக்குப் பக்கத்து நூலகத்துக்குப் போனேன். பெயர்களுக்கென்றே தலையணை அளவில் ஒரு புத்தகம் இருந்தது. அதில் வடதேசத்துப் பெயர்கள் தனிப் பகுதி.

ஒரு பெயருக்காகப் போனவன் ஐந்து நாளும் அதிலேயே கிடந்தேன். சாப்பாட்டுப் பெட்டியைத் திறக்கக்கூடாது என்ற விதி இருந்ததால் பட்டினியும் கிடந்தேன்.

பியோர்ன் என்றால் கரடி. உல்ஃப் என்றால் ஓநாய். ஆர்ன கழுகு. ஸ்டேன் வெறும் கல். பெற்ற பிள்ளையைத் தூக்கிவைத்துக்கொண்டு கல் என்று கூப்பிட அவர்களுக்கு மனம் வந்திருக்கிறது. நாங்கள் அப்படிச் செய்வோமா என்று யோசித்தேன். எனக்குத் தெரிந்த ஒரு குடும்பத்தில் முதல் இரண்டும் தவறிப்போக, மூன்றாவது பிள்ளைக்குக் குப்பை என்று பெயர் வைத்திருந்தது ஞாபகம் வந்தது. கல் எவ்வளவோ மேல்.

சிரி என்றொரு பெண் பெயர். சிக்ரிட் என்பதன் சுருக்கமாம். வெற்றியும் அழகும் சேர்ந்தது. தமிழ்ப் பிள்ளைக்கு அதை வைத்திருந்தால் ஆளுக்காள் கட்டளை போடுவது போலிருக்கும். அஸ்ட்ரிட் தெய்வ அழகு. லிவ் என்றால் உயிர்.

எனக்குப் பிடித்தது குன்ஹில்ட். முன்பாதி போர், பின்பாதியும் போர். போர்ப்போர் என்று ஒரு பெண்பிள்ளை. இது எப்படி நடந்தது என்று புத்தகமே சொன்னது. அந்தக் காலத்தில் தாயின் பெயரில் பாதி, தகப்பனின் பெயரில் பாதி என்று வெட்டி ஒட்டிவிடுவார்களாம். பொருள் பொருந்துகிறதா என்று பார்ப்பதில்லை. அதை வாசித்துவிட்டு நூலகம் என்றும் பாராமல் சிரித்தேன். மொன்றியலில் எங்கள் ஆட்கள் பிள்ளைகளுக்கு வைக்கிற பெயர்களை நினைத்தேன். அம்மாவில் இரண்டெழுத்து, அப்பாவில் இரண்டெழுத்து, கடைசியில் ஒரு 'ஷன்'. பொருள் கேட்டால் "ஸ்டைலா இருக்குத்தானே" என்பார்கள்.

பின்பெயரிலும் அவர்களும் நாங்களும் ஒரே சாதிதான். ஓல்சன் என்றால் ஓலவின் மகன், அவ்வளவே. முன்பு தலைமுறைக்குத் தலைமுறை மாறியது, பிறகு அரசாங்கம் ஓரிடத்தில் உறையவைத்துவிட்டது. அதனால் இன்று ஒரு பெண்ணும் எவனோ ஓலவுக்கு மகன் என்றே கையெழுத்துப் போடுகிறாள். எங்களுக்கும் குடும்பப் பெயர் கிடையாது. தகப்பன் பெயர்தான். இந்த மாகாணத்தில் மனைவி கலியாணத்துக்குப் பிறகும் பிறந்த வீட்டுப் பெயரையே வைத்திருக்க வேண்டும். எனவே எங்கள் வீட்டு அழைப்பு மணியில் என் தகப்பன் பெயர், என் மனைவியின் தகப்பன் பெயர், பிள்ளைகளுக்காக என் பெயர் என்று மூன்று பின்பெயர்கள். புதிதாக வந்த தபால்காரர் ஒருவர், இங்கே அறை வாடகைக்குக் கிடைக்குமா என்று விசாரித்தார்.

வெள்ளிக்கிழமைதான் காரிக்கு வந்தேன். அதற்கு இரண்டு வரி மட்டுமே போட்டிருந்தார்கள். அதைப் படியெடுத்துக்கொண்டு வந்தேன்.

என் கண்டுபிடிப்பு

அடுத்த சனிக்கிழமை மூவரும் வந்தார்கள். பதினான்கு வயதானால் பிள்ளையின் சம்மதமும் வேண்டும். காரி ஒல்லியாக, தாயை விட உயரமாக இருந்தாள். கதிரை நுனியில் கோட்டு ஸிப்பை மேலும் கீழும் இழுத்துக்கொண்டிருந்தாள்.

நான் ஒரு கிழமையாக மனதுக்குள் வைத்திருந்த திட்டத்தை வெளியில் எடுத்தேன். பெயரை மாற்றவே வேண்டாம். கடைசியில் ஓரெழுத்துச் சேர்த்தால் போதும். காரிகை. அழகான பெண் என்று பொருள். நல்ல பழந்தமிழ். அப்பா வைத்ததும் இருக்கும், தமிழும் வந்துவிடும், ஆசிரியையும் வாய் மூடுவார்.

சிவபாலன் முதல் தடவையாக நிமிர்ந்தார். "காரிகை" என்று சொல்லிப் பார்த்தார். புஷ்பா, "ஐயோ அண்ணை, இது ஏன் எங்களுக்கு வரேல்லை?" என்றார். என் மனைவி தேத்தண்ணி ஊற்றிக்கொண்டே என்னைப் பெருமையாகப் பார்த்தாள். அது அடிக்கடி நடப்பதில்லை.

"எப்பிடி எழுதுவீங்கள், மாமா?" என்று காரி கேட்டாள்.

ஒரு தாளில் பிரெஞ்சு எழுத்தில் பெரிதாக எழுதிக் காட்டினேன். அவள் அதைத் தன் பக்கம் திருப்பி வாசித்தாள்.

"கரி-கே" என்றாள். "பிரெஞ்சில கே எண்டா மெத்ரோ வந்து நிக்கிற மேடை. கறித்தூள் மேடை. மாமா, இப்ப கறி மட்டும்தான். இனி ஸ்டேஷனும் சேந்திடும்."

பழந்தமிழ் அவ்வளவில் முடிந்தது. நான் தாளை மடித்துத் தேத்தண்ணிக் கோப்பையின் அடியில் வைத்தேன்.

பேச்சை மாற்றுவதற்காக விண்ணப்பத்தை எடுத்து, காரணம் என்ற இடத்தில் எழுதியதைப் பிரெஞ்சில் ஒருதரம் வாசித்தேன். இந்த மாகாணத்தில் பெயர் மாற்றக் கனமான காரணம் வேண்டும். பெயர் கேலிக்கு இடம் கொடுக்கிறது என்பது அவற்றில் ஒன்று. நான் அதைத்தான் எழுதியிருந்தேன். தமிழில் சொல்லும்போது மட்டும், "பேர் இஞ்ச பொருந்தேல்லை எண்டு எழுதியிருக்கிறன்" என்றேன்.

"ரிடிக்கியூல் எண்டு வாசிச்சீங்கள் அண்ணை" என்றார் சிவபாலன். "கேலிக்குரியது எண்டு. அது எனக்கு விளங்கும்."

எனக்கு வெட்கமாக இருந்தது.

"அப்ப நூலகத்தில என்ன போட்டிருந்தது?" என்று புஷ்பா கேட்டார்.

இரண்டு வரியையும் சொன்னேன். காரி தனிப் பெயரே அல்ல. பழைய கத்தரீனா என்ற பெயர் நோர்வேக்காரரின் வாயில் தேய்ந்து தேய்ந்து வந்தது. தூய்மையானவள் என்று பொருள் சொல்வார்கள். அதே பெயர் பிரெஞ்சுக்காரரிடம் தேய்ந்தபோது கத்ரீன் ஆனது.

"கத்ரீனா?" காரி முகத்தைச் சுழித்தாள். "மாமா, எங்கட வகுப்பில மட்டும் நாலு கத்ரீன் இருக்கினம்."

"நாலு பேரோ?" என்றார் சிவபாலன்.

"ஓம், அப்பா."

"ஒரே வகுப்பில?"

"ஓம். பக்கத்து வகுப்பில இன்னும் ரெண்டு."

அன்றும் மண்டரின் தோல் பிய்த்துக்கொண்டிருந்தவர், துண்டுகளைக் கையால் கூட்டி ஓரமாகத் தள்ளினார். "அப்ப அதையே எழுதுங்கோ, அண்ணை."

புஷ்பா திகைத்துப்போனார். "என்னப்பா விசரே? இவ்வளவு நாளும் பேரை மாத்த மனமில்லாமல் இருந்தீங்கள். இப்ப நாலு பேருக்கு இருக்கிற பேரை..."

"நாலு பேருக்கு இருக்கிறபடியாத்தான்."

பிறகு அவர் சொன்னதை நான் இடையில் மறிக்காமல் கேட்டேன். மகளுக்கும் அதைச் சொன்னதில்லை என்று அவளுடைய முகத்தில் தெரிந்தது.

"நான் காரி எண்ட பேரில ஆசைப்பட்டு வைக்கேல்லை. இவள் பிறந்த உடன மேற்பார்வையாளர் ஒட்டிட்டைத்தான் போய்க் கேட்டனான், உங்கட நாட்டில எல்லாருக்கும் இருக்கிற பேர் எது எண்டு. காரி எண்டான். பேப்பரில பொதுசனத்தைப் பற்றி எழுதிறதெண்டாலும் ஓலா, காரி எண்டுதான் எழுதுவினமாம். அந்த ஊரில எங்களைத்தான் எல்லாரும் திரும்பித் திரும்பிப் பாக்கினம். கடையில, பஸ்ஸில, எல்லா இடமும். நிறத்துக்கு நான் ஒண்டும் செய்ய ஏலாது. பேரைக் கூப்பிட்டாலாவது ஒருத்தரும் இவளைத் திரும்பிப் பாக்கக் கூடாது எண்டு நினைச்சன்."

காரி ஸிப்பை இழுப்பதை நிறுத்தியிருந்தாள்.

"இஞ்ச எல்லாரும் திரும்பிப் பாக்கினம், அப்பா" என்றாள். குத்திக்காட்டவில்லை. தெரியாதவருக்குத் தகவல் சொல்வது போலத்தான் சொன்னாள்.

"ஓம் பிள்ளை. பிழைச்சுப்போச்சு."

நான் புதிய பெயருக்கான கட்டத்தில் கத்ரீன் என்று எழுதினேன். சம்மதத் தாளை அவள் பக்கம் தள்ளினேன். அவள் கையெழுத்துப் போட வேண்டியது பழைய பெயரில். அப்பாவை ஒருதரம் பார்த்துவிட்டு நிதானமாக, ஒவ்வோர் எழுத்தாகக் காரி என்று எழுதினாள். நெடுநாளாக எழுதாத பெயர்.

அவர்கள் போன பிறகு எனக்கு மனம் பாரமாக இருந்தது. எத்தனையோ பேருக்குப் படிவம் நிரப்பியிருக்கிறேன். ஒரு தகப்பன் தன் கையாலேயே தான் கொடுத்ததைத் திருப்பி எடுக்க நான் எழுத்துவேலை பார்த்தது அன்றுதான்.

ஒரு ரெலிபோன்

பெயர் மாற வசந்தமும் கோடையும் பிடித்தன. இடையில் அரசாங்கத்திடமிருந்து இரண்டு கடிதம் வந்து இரண்டுக்கும் பதில் போட்டேன். செப்டம்பரில் பள்ளிக்கூடம் திறந்து சில நாட்களின் பின்னர் சிவபாலன் எனக்கு ரெலிபோன் எடுத்தார். வேலை இடைவேளை போலிருக்கிறது. பின்னால் யந்திரச் சத்தம் கேட்டது.

"அண்ணை, பிள்ளையின்ர புது வகுப்பில கத்ரீன் மட்டும் அஞ்சு பேர்."

"நீர் நினைச்சது நடந்திட்டுது. இனி ஆரும் திரும்பிப் பாக்கமாட்டினம்."

"அதில ஒரு சிக்கல் வந்திட்டுது" என்றார். "அஞ்சு பேரையும் பிரிச்சறியிறதுக்கு ரீச்சர் பின்பேரில முதலெழுத்தைச் சேத்துத்தான் கூப்பிடுறாவாம். கத்ரீன் பி, கத்ரீன் எல் எண்டு. எங்கட பிள்ளை கத்ரீன் எஸ். அவளும் கொப்பி எல்லாத்திலயும் அப்பிடித்தான் எழுதி வைச்சிருக்கிறாள். நேற்று ரெலிபோன் எடுத்த சிநேகிதிக்கும் அப்பிடித்தான் சொன்னவள். நான் பக்கத்தில நிண்டு கேட்டனான்."

யந்திரச் சத்தத்துக்கு மேலாக யாரோ அவரைக் கூப்பிட்டார்கள், அவர் ரெலிபோனை வைக்கவில்லை.

"அந்த எஸ் நான்தான், அண்ணை."